முதலையப் பிடிக்காமப் படிக்கிறது எப்பிடி? கொழும்பில இருக்கிற ஆக்களுக்கு

வெள்ளவத்தை கெனால் பாலத்தில ஒராள் குனிஞ்சு தண்ணியப் பாத்தாக் காணும், அஞ்சு நிமிசத்தில இருவது பேர் சேந்திருவினம், ஓட்டோக்காரர் ஓட்டோவ ஓரமா விட்டிட்டு இறங்குவார், மரக்கறி வாங்கிக்கொண்டு வந்த அன்ரி பையோட எட்டிப் பாப்பா, ஆரோ ஒருத்தர் "முதலை முதலை" எண்டுவார், உடன பத்து போன் மேல எழும்பும். பத்துக்கு ஒம்பது தரம் அது கபரகொய்யா, அதாவது தண்ணியில நீந்திற பெரிய உடும்பு. நானும் உந்தக் கூட்டத்தில நிண்டவன்தான். மூண்டு வருசத்துக்கு முந்தி ஒரு வீடியோ எடுத்து எங்கட குடும்ப வட்ஸ்அப் குறூப்பில "கெனாலுக்குள்ள முதலை, பிள்ளையள வெளியில விடாதேங்கோ" எண்டு போட்டன், கனடாவில இருக்கிற சின்னம்மா வரைக்கும் பயந்து கோல் எடுத்தவா, அரை மணித்தியாலம் கழிச்சு அக்கான்ர மகன், அப்ப அவனுக்குப் பதினொரு வயசு, "மாமா உது நாக்க வெளிய நீட்டுது, முதலைக்கு நாக்கு நீட்ட ஏலாது" எண்டு ஒரே ஒரு வரி போட்டான். அவ்வளவுதான், குறூப்பே சிரிச்சுது.

அந்த வெக்கத்திலதான் முதலையப் பற்றித் தேடி வாசிக்கத் தொடங்கினனான். கிடைச்சது எல்லாம் பழைய ஆக்கள் எழுதினது, ஃப்ளோரிடாச் சதுப்புக்குள்ள சின்ன வள்ளத்தில போனவை, லூசியானாவில முதலைக் கூட்டுக்குப் பக்கத்தில காவல் கிடந்தவை, எங்கட இலங்கையில குளக்கட்டில கூடாரம் அடிச்சவை. அவை செய்த வேலையில எத நாங்கள் இண்டைக்குக் கொழும்பில இருந்துகொண்டு செய்யலாம், எத ஒருக்காலும் செய்யக் கூடாது எண்டதுதான் இந்தப் பதிவு. அக்கான்ர மகனும் நானும் இப்ப மாசத்துக்கு ரெண்டு தரம் போறனாங்கள், அதில பட்டு அறிஞ்சதையும் சேத்து எழுதிறன்.

முதல்ல ஒரு விசயம். பிடிக்கிற கதையே இல்ல. இலங்கையில இருக்கிற ரெண்டு இன முதலையும் 1937ம் ஆண்டு வந்த வன விலங்கு, தாவரப் பாதுகாப்புச் சட்டத்துக்குள்ள பாதுகாக்கப்பட்டது, பிடிச்சா, அடிச்சா, முட்டை எடுத்தா, குஞ்சொண்ட வாளிக்குள்ள போட்டு வீட்ட கொண்டு வந்தாலும் குற்றம்தான். ஆரும் பக்கத்து வீட்டுக் கிணத்துக்குள்ள முதலை விழுந்திட்டுது எண்டு சொன்னாலும் கயிறோட ஓடாதேங்கோ, வனஜீவராசிகள் திணைக்களத்துக்கு 1992 எண்ட நம்பருக்கு அடியுங்கோ.

பழைய ஆக்கள் எப்பிடிப் பிடிச்சவை எண்டு கேட்பீங்கள், அதையும் சொல்லிவிடுறன், ஏனெண்டால் அதிலயே பாடம் இருக்கு. அமெரிக்காவில அல்பேர்ட் ரீஸ் எண்டு ஒரு பேராசிரியர், முதலைக் கரு எப்பிடி வளருது எண்டு படிச்சவர், 1908ல அந்த ஆராய்ச்சி வெளிவந்தது, 1915ல முழுப் புத்தகமே எழுதினவர். அவர் ஓக்கிஃபினோக்கி எண்ட பெரிய சதுப்புக்குள்ள உள்ளூர் வேட்டைக்காரரோட போனவர். அந்த வேட்டைக்காரர் ஒரு நீளத் தடி, நுனியில இரும்புக் கொளுக்கி, அத வச்சு முதலை இருக்கிற பொந்துக்குள்ள குத்திக் கிண்டி, முதலை கொளுவினதும் வெளிய இழுத்து அடிக்கிறது. இன்னொண்டு, குஞ்சு கத்திற மாதிரித் தொண்டைக்குள்ள ஒரு சத்தம் போடுறது, முதலை தானே மேல வரும். ராவில எண்டால் விளக்கு, வெளிச்சத்துக்குக் கண் நெருப்புத் தணல் மாதிரி மினுங்கும், அதுக்கு நேர சுடுறது. மலாயாப் பக்கம் வேற வழி, ரெண்டு பக்கமும் சீவின ஒரு கட்டைய இறைச்சிக்குள்ள ஒளிச்சு வச்சு, கயிறுக்குப் பதிலா மெல்லிய நார்க் கத்தையாக் கட்டிவிடுவினம், நார் பல்லுக்கு இடையில போயிரும், கடிச்சு அறுக்க ஏலாது. கெட்டிக்காரத்தனம்தான். ஆனா இப்பிடிப் பிடிச்ச முதலையில இருந்து என்ன படிச்சவை? எத்தின பல்லு, இரைப்பைக்குள்ள என்ன கல்லு, எத்தின அடி. அது உயிரோட என்ன செய்யுது எண்டது செத்த முதலையில இருக்காது. கரு வளர்ச்சி மட்டும் விதிவிலக்கு, முட்டை எடுக்காம அதப் படிக்க ஏலாது, ரீஸுக்கு முந்தி 1891லயே ஃப்ளோரிடாவில கிளார்க் எண்டவர் அத நல்ல வடிவாச் செய்து எழுதினவர்.

இப்ப வில்லியம் பார்ட்ரம எடுங்கோ. 1774ல ஃப்ளோரிடாவில சென் ஜோன்ஸ் ஆத்தில தனிய வள்ளம் விட்டவர், 1791ல புத்தகம் வந்தது. முதலை கத்தினா நிலம் அதிருது, மூக்கால புகை வருது, வைக்கோல் போர் மாதிரி நாலடி உயரத்துக்குக் கூடு கட்டுது, தாய் முதலை பக்கத்திலயே நிண்டு காக்குது எண்டெல்லாம் எழுதினவர். கனபேர் நம்பேல்ல, கதை அளக்கிறார் எண்டிட்டினம். பிறகு வந்து பாத்தா, கூடு சரி, தாய் காக்கிறது சரி, கத்தேக்க முதுகுத் தண்ணி துள்ளி ஆவி பறக்கிற மாதிரி இருக்கிறதும் சரி. மனுசன் இருந்து பாத்தது எல்லாம் சரி. பிழைச்சது எங்க தெரியுமோ, ஒரு கூட்டில நூறு இருநூறு முட்டை இருக்கும் எண்டு எழுதிப்போட்டார். எண்ணாமச் சொன்னது. உண்மையில முப்பது நாப்பது, கூடினா அம்பது. பாக்கிறதுக்குப் பொறுமை வேணும், எண்ணுறதுக்குக் கொப்பி வேணும், இந்தப் பதிவு முழுக்க நான் சொல்லப்போறது உதுதான்.

சரி, வேலைக்கு வருவம். எந்த மிருகத்தத் தேடுறம் எண்டு முதல்ல தெரியோணும். பார்ட்ரம், ரீஸ் பாத்தது அலிகேட்டர் எண்ட வேற வகை முதலை, அது அமெரிக்காவிலயும் சீனாவிலயும்தான் இருக்கு, இலங்கையில இல்ல. பழைய வெள்ளைக்காரர் எங்கட முதலையையும் அலிகேட்டர் எண்டுதான் எழுதினவை, ஸ்பானியக்காரன்ர லகார்த்தோ, அதாவது பல்லி எண்ட சொல்லில இருந்து வந்த பேர், கண்டதுக்கெல்லாம் ஒட்டிவிட்டிட்டினம். அதால பழைய புத்தகத்தில சிலோன் அலிகேட்டர் எண்டு கண்டால் ஏமாறாதேங்கோ. எங்கட சங்க காலத்து ஆக்கள் பரவாயில்ல, முதலை, இடங்கர், கராம் எண்டு மூண்டு பேர் வச்சுப் பிரிச்சவை.

இலங்கையில ரெண்டு. ஒண்டு சதுப்பு முதலை, சிங்களத்தில ஹெல கிம்புலா, வன்னிக் குளங்கள், வில்பத்து, யால, பூந்தல பக்கம் வெயில் காஞ்சுகொண்டு கிடக்கும், மூஞ்சி அகலமா அலிகேட்டர் மாதிரித்தான் இருக்கும். மற்றது செம்மூக்கன், உப்புத்தண்ணி முதலை, சிங்களத்தில கெட்ட கிம்புலா. தமிழ்ல வாசிச்சா கெட்ட முதலை எண்டு வரும், அவை சொல்லுறது முடிச்சு முடிச்சா இருக்கிற முதலை எண்டு, ஆனா குணத்தப் பாத்தா ரெண்டு அர்த்தமும் பொருந்தும். கொழும்பிலயும் சுத்திவரவும் நீங்கள் காணப்போறது இவரைத்தான், தியவன்னா ஓயா, அத்திடிய, பொல்கொட வாவி, முத்துராஜவெல. இவருக்கு நாக்கில உப்பு கழிக்கிற சுரப்பி நல்லா வேலை செய்யும், அதாலதான் கெனால் வழியாக் கடலுக்குப் போய் திரும்பி வேற வாய்க்கால்ல ஏற ஏலுது, அலிகேட்டருக்கு அந்த வசதி இல்ல.

ரெண்டையும் பிரிக்கிறதுக்கு ஒரு லேசான இடம் பிடரி. தலை முடியிற இடத்துக்குப் பின்னால, கழுத்துத் தட்டுக்கு முன்னால, சதுப்பு முதலைக்கு நாலு பெரிய செதில் வரிசையா நிக்கும். செம்மூக்கனுக்கு அந்த இடம் வெறுமை, இருந்தாலும் சின்னப் பொட்டு மாதிரித்தான். பிறகு செம்மூக்கன்ர கண்ணில இருந்து மூக்குப் பக்கம் ரெண்டு மேடு ஓடும், வயல் வரம்பு மாதிரி. பைனாகுலர்ல இத ரெண்டையும் பாத்தீங்களெண்டால் காணும், நிறத்த வச்சுச் சொல்லாதேங்கோ, சேறு பூசினா எல்லாம் ஒரே நிறம்.

கபரகொய்யாப் பிரச்சினைய இப்பவே முடிச்சு விடுறன், ஏனெண்டால் கொழும்பில நூத்துக்குத் தொண்ணூறு பேர் சறுக்கிற இடம் இதுதான். கபரகொய்யா நீந்தேக்க தலையத் தூக்கிக்கொண்டு போகும், கழுத்து இருக்கும், மூஞ்சி கூர், நாக்கு இரட்டையா வெளிய வந்து வந்து போகும். முதலை நீந்தேக்க கழுத்தே தெரியாது, மூக்கு ஒரு பொட்டு, பிறகு ஒரு இடைவெளி, பிறகு கண்மேடு, சில நேரம் முதுகுச் செதில் ஒரு வரி, அவ்வளவுதான் தண்ணிக்கு மேல. ரெண்டும் சேத்துல ஏறினாத் தடமும் வேற. முதலையின்ர முன்காலுக்கு அஞ்சு விரல், பின்காலுக்கு நாலு, வால் இழுத்த தடம் தடிப்பு, வயிறு இழுபட்டிருந்தா அகலமா ஒரு சறுக்குப் பாதையே இருக்கும். கபரகொய்யாக்கு நாலு காலும் அஞ்சு விரல், வால் தடம் மெல்லிசா வளைஞ்சு வளைஞ்சு கயிறு விழுந்த மாதிரிப் போகும். வத்து நேரம் கெனால் ஓரச் சேத்துல இத நல்லாப் பாக்கலாம், பாலத்தில நிண்டே பாக்கலாம், இறங்க வேண்டாம்.

கண்ணப் பழக்கிறதுக்கு முதல் ரெண்டு கிழமை வெளிய போகாதேங்கோ. கொழும்பு நூதனசாலைக்குப் பக்கத்தில இயற்கை வரலாற்று நூதனசாலை இருக்கு, அங்க போங்கோ. 1877ல தொடங்கின இந்த நூதனசாலைக்குத்தான் பி. ஈ. பி. தெரணியகல பணிப்பாளரா இருந்தவர், 1939ல இலங்கை ஆமை, முதலையப் பற்றி அவர் எழுதின பெரிய புத்தகம் வந்தது, எங்கட சதுப்பு முதலைக்குக் கிம்புலா எண்டே விஞ்ஞானப் பேரில ஒரு துணையினம் வச்சவர். சிங்களச் சொல்லு லத்தீன் பேருக்குள்ள போயிருக்கு பாருங்கோ. பிறகு தெஹிவளை மிருகக்காட்சிச் சாலை. சனம் முதலைக் கூட்டடியில ஒரு நிமிசம் நிண்டு, அசையேல்ல, செத்திட்டுதோ எண்டு கேட்டிட்டுப் போயிரும். நீங்கள் ஒரு மணித்தியாலம் நில்லுங்கோ. கொப்பியில பிடரியக் கீறுங்கோ, வாய் மூடியிருக்கேக்க கீழ்த்தாடை நாலாவது பல்லு வெளியில தெரியுதா பாருங்கோ (அலிகேட்டருக்கு அது உள்ளுக்குப் போயிரும்), எத்தின நிமிசத்துக்கு ஒருக்கா மூச்சு விடுது எண்டு நேரம் எழுதுங்கோ. வாயப் பிளந்துகொண்டு கிடந்தாக் கோவம் எண்டு நினைக்காதேங்கோ, சூடு கூடினா அப்பிடித்தான் ஆத்துறது. நாங்கள் போன முதல் நாள் மருமகன் நாப்பது நிமிசத்தில எழுதின ஒரே வரி "இடது கண் மூடிச்சு". நான் சிரிச்சன், பிறகு என்ர கொப்பியப் பாத்தா என்னட்ட அதுகூட இல்ல.

இனி வெளிய. எங்க போறது? பெத்தகான ஈரநிலப் பூங்கா, தலவத்துகொடப் பக்கம் தியசரு பூங்கா, தலங்கமக் குளக்கட்டு, இதெல்லாம் நடைபாதையோட இருக்கிற இடங்கள், திறக்கிற நேரத்த முன்கூட்டிக் கேட்டிட்டுப் போங்கோ. 2018ல கொழும்ப ராம்சார் (ஈரநிலங்களக் காக்கிற உலக ஒப்பந்தம்) ஈரநில நகரம் எண்டு அறிவிச்சது இந்தச் சதுப்புகளாலதான், சனத்துக்குக் கொழும்பு எண்டா வாகன நெரிசல்தான் நினைவு வருது. கொம்பனித்தெருப் பக்கம் ஒல்லாந்தர் காலத்தில அடிமைகள் தப்பி ஓடாம இருக்க ஏரியில முதலை விட்டிருந்தவையாம் எண்டொரு கதை இருக்கு, உண்மையோ பொய்யோ, பேர வாவியில இப்ப உங்களுக்குக் கிடைக்கிறது கூழைக்கடாவும் அன்ன வள்ளமும்தான்.

நேரம் எண்டா விடிய ஆறரைக்கும் ஒம்பதரைக்கும் இடையில. ராக் குளிருக்குப் பிறகு வெயில் காய ஏறும், சூடு ஏறினாத் தண்ணிக்குள்ள போயிரும். கடும் மழை பெய்து கெனால் எல்லாம் முட்டின கிழமைகளில போகாதேங்கோ, தண்ணி உயர்ந்தா முதலை எங்கயும் வரலாம், நீங்கள் பாதை எண்டு நினைக்கிறது தண்ணிக்குக் கீழ இருக்கும்.

போனதும் தேடாதேங்கோ, கேளுங்கோ. பார்ட்ரமுக்கும் ரீஸுக்கும் வழி காட்டினது உள்ளூர்ச் சனம், புத்தகத்தில பேர் வந்தது மட்டும் இவைக்கு. எங்கட சதுப்புகளில விடியவே கங்குன் கீரை புடுங்கிற ஆக்கள் நிப்பினம், தூண்டில் போடுற ஐயாமார் இருப்பினம். "மெஹே கிம்புலோ இன்னவாத?" (இங்க முதலை இருக்கா?) எண்டு கேட்டாக் காணும், கை காட்டுவினம். எங்க ஏறுது, எவ்வளவு பெரிசு, கடைசியா எப்ப கண்டது, நாய் ஏதும் போச்சுதா, இந்த நாலையும் கேளுங்கோ. அளவ மட்டும் பாதியாக் குறைச்சு எழுதுங்கோ, ஹா ஹா, பயந்தவன் கண்ணுக்கு எல்லாம் இருவது அடிதான். ஒருக்கா தியவன்னாக் கரையில பைனாகுலரப் பாராளுமன்றப் பக்கம் திருப்பினனான், ரெண்டு நிமிசத்தில ஒரு பாதுகாப்பு அங்கிள் வந்து நிண்டார், என்ர அரைகுறைச் சிங்களத்தில "கிம்புலோ பலன்ன ஆவா" (முதலை பாக்க வந்தனான்) எண்டன், அவர் மேல கீழ பாத்திட்டுச் சிரிச்சார், பிறகு தானே ஒரு மூலையக் காட்டி அங்க பின்னேரம் வரும் எண்டவர். அதால பைனாகுலர எந்தப் பக்கம் திருப்பிறீங்கள் எண்டதிலயும் கவனம்.

கொப்பி விசயம். போன்ல எழுதலாம் எண்டு சொல்லுவீங்கள், நானும் சொன்னனான், வேர்வைக் கையில ஸ்க்ரீன் வேலை செய்யாது, வெயில்ல ஒண்டும் தெரியாது. ஒரு சின்ன கொப்பி, பென்சில் (பேனை வேண்டாம், ஈரம் பட்டா மை ஊறும்). ஒவ்வொரு தரமும் திகதி, வந்த நேரம், போன நேரம், வெயிலா மப்பா, தண்ணி ஏத்தமா வத்தா, பிறகு கண்டது. அந்த இடத்திலயே எழுதோணும், வீட்ட வந்து தேத்தண்ணி குடிச்சிட்டு எழுதினா முதலை ரெண்டடி வளந்திரும். கண்டது வேற, நீங்கள் நினைச்சது வேற, ரெண்டையும் ஒரு வரியில கலக்காதேங்கோ. "கோவமா இருந்துது" எண்டு எழுதாதேங்கோ, "வாய் திறந்தது, சீறிற சத்தம், வால் ரெண்டு தரம் அடிச்சது" எண்டு எழுதுங்கோ. தாய் முதலை குஞ்ச வாய்க்குள்ள எடுக்கிறதப் பாத்திட்டு, பிள்ளையத் தின்னிற மிருகம் எண்டு கனகாலம் எழுதிக்கொண்டு இருந்தவை. 1970களில தென்னாபிரிக்காவில டோனி பூலி எண்டவர் வடிவாப் பாத்து, அது குஞ்சுகள வாய்க்குள்ள வச்சுத் தண்ணிக்குக் கொண்டுபோகுது எண்டு காட்டினவர். முந்தினவையும் கண்டது அதேதான், நினைச்சத எழுதிப்போட்டினம். இன்னொண்டு, ஒண்டும் காணாத நாளையும் எழுதுங்கோ. மூண்டு மணித்தியாலம் இருந்தன், முதலை பூச்சியம். அது இல்லாட்டிக் கண்ட நாளுக்கு மதிப்பில்ல.

அளவெடுக்கிறது பற்றிக் கொஞ்சம் விரிவாச் சொல்லோணும், எனக்கு ஆகப் பிடிச்ச பகுதி இது. சுப்பர்மார்க்கெட்டில டபாஸ்கோ சோஸ் போத்தல் கண்டிருப்பீங்கள், அந்தக் குடும்பத்து ஆள் எட்வர்ட் மக்கிலென்னி, லூசியானாவில ஏவரி ஐலண்ட் எண்ட இடத்தில வளந்தவர், முதலையோடயே வளந்தவர். 1935ல அலிகேட்டர் வாழ்க்கையப் பற்றி ஒரு புத்தகம் எழுதினவர், குஞ்சுகள் எவ்வளவு வளருது, கூட்டில என்ன நடக்குது எண்டு வருசக்கணக்காப் பாத்து எழுதின அருமையான வேலை. அதே மனுசன்தான் 1890ல தான் சுட்ட ஒரு அலிகேட்டர் 19 அடி 2 அங்குலம் எண்டு சொன்னவர். அளந்தது எதால? துப்பாக்கிக் குழலால. சாண் போடுற மாதிரிக் குழல வச்சு வச்சு அளந்தது. முதலையக் கொண்டுவர ஏலேல்ல, படமில்ல, மண்டையோடில்ல. பிறகு இண்டைக்கு வரைக்கும் ஒழுங்கா நாடாவால அளந்ததில ஆகப் பெரிசு 2014ல அலபாமாவில பிடிபட்டது, 15 அடி 9 அங்குலம். மக்கிலென்னி பொய் சொன்னவர் எண்டு நான் சொல்லேல்ல, ஆனா ஒரு நாடா கையில இருந்திருந்தா நூறு வருசத்துக்கு மேல இந்தத் தர்க்கம் ஓடியிராது.

நீங்கள் கிட்டப் போகாமலே அளக்கலாம். அமெரிக்காவில பழகின ஒரு கணக்கு, அலிகேட்டர்ர கண்ணுக்கும் மூக்கு நுனிக்கும் இடையில எத்தின அங்குலமோ முழு நீளம் அத்தின அடி. ராவில தலை மட்டும் தெரியேக்க அதுதான் கை கொடுக்கும். எங்கட முதலைக்கு நான் பாவிக்கிறது தலைக் கணக்கு, தலை நீளத்த ஏழால பெருக்கினா முழு நீளம் கிட்டத்தட்ட வரும். தலை நீளத்த எப்பிடி எடுக்கிறது? பக்கத்தில ஏதாவது அளவு தெரிஞ்ச சாமான் வேணும். அத்திடியப் பக்கம் ஒரு கரையில உடைஞ்ச நாலு அங்குல பிவிசி பைப் ஒண்டு சேத்துக்குள்ள நட்டுக்கொண்டு நிக்குது, ஆரோ எறிஞ்சது. ஒரு நாள் அதுக்கு ஒட்டினாப்போல ஒராள் பக்கவாட்டாப் படுத்திருந்தார். தூரத்தில இருந்து படம் எடுத்தன், வீட்ட வந்து போன்ல பெருப்பிச்சு ஸ்கேல் வச்சுப் பாத்தா, தலை மூண்டு பைப் அகலம். நாலு அங்குலப் பைப் எண்டால் வெளி அகலம் 11 சென்ரிமீற்றர், மூண்டு தரம் 33, ஏழால பெருக்கினா 231, ஏழரை அடி. கீரை புடுங்கிற ஐயா சொன்னது பதினாலு அடி. பாதியாக் குறைக்கச் சொன்னது சும்மா இல்ல. கவனிக்க வேண்டியது ஒண்டு, பைப்பும் தலையும் உங்களிட்ட இருந்து ஒரே தூரத்தில இருக்கோணும், தலை உங்களப் பாத்துத் திரும்பியிருந்தாக் கணக்குச் சரிவராது, பக்கவாட்டாத் தெரியிற படத்த மட்டும் பாவியுங்கோ.

ராப் பார்வை. பூங்காக்குள்ள ராவில போக ஏலாது, போகவும் வேண்டாம். தெருப் பாலத்தில, ஆக்கள் நடமாடுற இடத்தில, ரெண்டு மூண்டு பேராப் போங்கோ. டோர்ச்ச இடுப்பில பிடிச்சா ஒண்டும் தெரியாது, கன்னத்தோட ஒட்டிப் பிடிக்கோணும், முதலைக் கண்ணுக்குப் பின்னால கண்ணாடி மாதிரி ஒரு படலம் இருக்கு, அதில பட்ட வெளிச்சம் வந்த வழியே திரும்பும், அதால டோர்ச் உங்கட கண்ணுக்குப் பக்கத்தில இருந்தாத்தான் உங்களுக்குத் தெரியும். செக்கச் செவேரெண்டு ஒரு பொட்டு, தண்ணி மட்டத்தில. பழைய வேட்டைக்காரர் இத வச்சுத்தான் சுட்டவை, இப்ப அதே வித்தைய வச்சுத்தான் உலகம் முழுக்க முதலை எண்ணுகினம். கண் மட்டும் தெரிஞ்சா "கண் மட்டும்" எண்டு எழுதுங்கோ, அளவு ஊகிக்காதேங்கோ. கரையில பொட்டுப் பொட்டா மினுங்கினாச் சிலந்தி, நானும் ஒரு நாள் பதினேழு முதலை எண்டு எண்ணினனான், பிறகு ஒண்டு மரத்தில ஏறிச்சு.

கூட்டப் பற்றிச் சின்னனாச் சொல்லுறன், ஏனெண்டால் நீங்கள் அங்க போகக் கூடாது. செம்மூக்கன் அலிகேட்டர் மாதிரிப் புல்லுக் குப்பையக் குவிச்சுக் கூடு கட்டும், சதுப்பு முதலை மண்ணில குழி தோண்டும். குவிச்ச குப்பையக் கண்டா வந்த வழியே திரும்புங்கோ, தாய் எங்கயோ பக்கத்தில நிக்கும். முட்டையத் தொட்டுப் புரட்டினாலே உள்ளுக்கிருக்கிற கரு செத்திரும், இட்டு ஒரு நாளுக்குள்ளயே கரு மேல் பக்கக் கோதோட ஒட்டிரும், கோழி முட்டை மாதிரி உருட்ட ஏலாது. இன்னொரு விசயமும் இருக்கு, அலிகேட்டர் முட்டை 30 பாகை செல்சியசில இருந்தாப் பொம்பிளை, 33ல இருந்தா ஆம்பிளை. 1982லதான் அது வெளிவந்தது. கிளார்க், ரீஸ் காலத்து ஆக்கள் கூட்டில இருந்து முட்டைய எடுத்து ஆய்வுகூடப் பெட்டிக்குள்ள வச்ச நேரம், வச்ச சூட்டிலயே குஞ்சு ஆணா பெண்ணா எண்டு தீருது எண்டு ஒருத்தருக்கும் தெரியாது.

பாதுகாப்பு. 2022 ஜனவரியில தெஹிவளைக் கடல்ல சுழியோடின ஒருத்தர் முதலை கடிச்சுச் செத்தவர், அதால இது சும்மா விளையாட்டில்ல. தண்ணி விளிம்பில இருந்து அஞ்சாறு மீற்றர் தள்ளி நில்லுங்கோ, குந்தி இருக்காதேங்கோ, கை கழுவ இறங்காதேங்கோ, நாயக் கூட்டிக்கொண்டு போகாதேங்கோ, ஒரே இடத்தில ஒரே நேரத்தில ஒவ்வொரு நாளும் நிக்காதேங்கோ, உங்களுக்குக் கொப்பி இருக்கிற மாதிரி அதுக்கும் ஞாபகம் இருக்கு. சாப்பாடு எறியவே கூடாது, எறிஞ்சா மனுசரக் கண்டா வரும் எண்டு பழகும், பிறகு அடுத்தவன்ர பிள்ளைக்குத்தான் ஆபத்து. தெற்கில நில்வளா கங்கைக் கரையில குளிக்கிற இடத்துக்குத் தண்ணிக்குள்ள வேலி அடிச்சுக் கிம்புல் கொட்டுவ எண்டு வச்சிருக்கினம், அந்தச் சனத்திட்ட முதலை அழகு எண்டு சொல்லிப் பாருங்கோ. ஆனா உண்மையச் சொன்னா எங்களுக்கு முதலையால வந்த கரைச்சல விட மற்றதுகளாலதான் கூட. நுளம்பு, அட்டை, சேத்துத் தண்ணியில எலிக்காய்ச்சல். கால்ல புண் இருந்தா அண்டைக்குப் போகாதேங்கோ, சப்பாத்து உயரமாப் போடுங்கோ, வீட்ட வந்ததும் சவுக்காரம் போட்டுக் கழுவுங்கோ, ரெண்டு மூண்டு கிழமைக்குள்ள காய்ச்சல், கெண்டைக்கால் நோ வந்தா டொக்டரிட்ட சதுப்புக்குப் போனனான் எண்டு கட்டாயம் சொல்லோணும்.

கூடாரம் அடிக்கிற ஆசை இருந்தா, வன்னிப் பக்கம் வத்தின குளத்துக்குள்ள அடிக்காதேங்கோ. ஜேம்ஸ் எமர்சன் டென்னன்ட் எண்டு இங்க அரசாங்கத்தில பெரிய பதவியில இருந்தவர், 1861ல இலங்கை மிருகங்களப் பற்றி எழுதினவர், அதில ஒரு கதை. நில அளவைத் திணைக்களத்து அதிகாரி ஒருத்தர் அப்பிடி ஒரு இடத்தில கூடாரம் அடிச்சுப் படுத்தவர், ராவில கட்டிலுக்குக் கீழ நிலம் அசையிற மாதிரி இருந்ததாம், அடுத்த நாள் பாய விலக்கிக்கொண்டு முதலை ஒண்டு வெளிய வந்ததாம். நம்ப ஏலாத கதை மாதிரி இருந்தாலும் சங்கதி சரி, சதுப்பு முதலை கோடையில குளம் வத்தினாச் சேத்துக்குள்ள புதைஞ்சு மழை வரும் வரைக்கும் கிடக்கும், மேல சேறு காஞ்சு தரை மாதிரி இறுகிரும்.

எழுதின கொப்பிய என்ன செய்யிறது? ஐநச்சுரலிஸ்ட் எண்ட, கண்ட உயிரினங்களப் பதியிற போன் அப்பில படத்தோட போடலாம், இடத்த மறைச்சுப் போடுற வசதி இருக்கு, அத மறக்காமப் போடுங்கோ, கூட்டுப் பக்கம் எண்டால் படமே போடாதேங்கோ. ஃபேஸ்புக்கில இடம் சொல்லிப் போட்டா ரெண்டாம் நாள் அங்க கல்லோட பெடியள் நிப்பினம், கண் முன்னால நடந்தது.

போற வழியில பேக்கரியில கிம்புலா பனிஸ் ரெண்டு வாங்குங்கோ, மருமகனுக்கு அது ஒரு சடங்கு, வால் பக்கத்தில இருந்துதான் தின்னுவான். போன ஞாயித்துக்கிழமை அவன்ர கொப்பியில இருந்தத அப்பிடியே தாறன்: தலங்கம, 6.40 தொடக்கம் 9.15, மப்பு, தண்ணி நல்லா இருக்கு. கபரகொய்யா 4. தண்ணிக் காகம் கன. முதலை 0. மாமா சறுக்கி விழுந்தது 1.